சடையனும் முடி பிடுங்கிய மைனாவும்

மலைக்காட்டுக் குளத்தங்கரையில் ஓர் ஆட்டுக்கூட்டம் மேய்ந்து வந்தது. அதற்குக் காவல், சடையன் என்ற நாய். கரடியைப் போல அடர்ந்த முடி அவனுக்கு. குளித்துவிட்டு ஒரு சிலுப்பு சிலுப்பினால் நாலு ஆடு நனையும்.

அவனுக்கு ஒரு மைனாவின் மேல் தீராத கோபம். போன பங்குனியில் அவன் அசந்து தூங்கியபோதெல்லாம், கூடு கட்ட அவன் முதுகு முடியைப் பிடுங்கிக்கொண்டு போனாள். ஒரு நாள் இல்லை, ஒரு மாதம்.

"கேட்டிருந்தால் கொடுத்திருப்பேன். திருடிக்கு இனி ஒரு முடி கிடையாது" என்று இந்தப் பங்குனியில் அவளை அண்டவிடாமல் துரத்தினான்.

உதிர்ந்த முடி வெளியே வராமல் உள்ளேயே சிக்குப் பிடித்தது. குளித்தால் மேல்முடி காய்ந்தது. அடிமுடி ஈரமாகவே கிடந்தது. இடுப்பில் அரிப்பு எடுத்தது. சொறிந்தான். தோல் சிவந்து புண்ணானது.

புதர் மறைவிலிருந்து நரி இதைப் பார்த்தது.

"அண்ணே, நாய்க்கு நாக்கை விட நல்ல மருந்து ஏது? விடாமல் நக்குங்கள். குளத்திலும் நாலு தடவை முங்குங்கள்."

"நீ எப்போது வைத்தியன் ஆனாய்?"

"உங்கள் கஷ்டத்தைப் பார்த்த பிறகுதான்."

முங்கினால் இதமாக இருந்தது. அதனால் சடையன் நம்பினான். முங்கினான், நக்கினான். புண் இரண்டே நாளில் உள்ளங்கை அளவு ஆனது. மூன்றாம் நாள் நண்பகலில் அவன் தலையைத் திருப்பி நக்கிக்கொண்டிருந்தபோது, நரி பாய்ந்து ஒரு குட்டியின் காலைக் கவ்வியது. தாய் ஆடு வெள்ளச்சி முட்டித் தள்ளியதால் குட்டி பிழைத்தது.

"சடையா, உன் இடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தால் எங்களை யார் பார்ப்பது? அமாவாசைக்குள் இது ஆறாவிட்டால் நாங்கள் வேறு காவல் தேடிப் போகிறோம்" என்றாள் வெள்ளச்சி. அவள் திட்டவில்லை. அதுதான் அவனுக்குப் புண்ணை விட வலித்தது.

மரக்கிளையிலிருந்து மைனா கேட்டாள்: "போன வருஷம் இந்தப் புண் வந்ததா?"

"வரவில்லை."

"நான் பிடுங்கியது செத்த முடி. அது போனதால் தோலுக்குக் காற்றுப் பட்டது. இப்போது நேற்று முங்கிய தண்ணீர் உன் அடிமுடியில் இன்னும் நிற்கிறது."

"இருக்கட்டும். நீ கேட்டிருக்க வேண்டும்."

"கேட்டிருக்க வேண்டும்தான். இப்போது கேட்கிறேன். எடுக்கட்டுமா?"

இந்த ஒரு கேள்விக்காகத்தான் அவன் ஒரு வருஷம் கோபமாக இருந்தான். மெல்லப் படுத்தான்.

"புண்ணில் அலகு பட்டால் கடிப்பேன்."

"பட்டால் கடி."

மைனா ஒவ்வொரு சிக்காகப் பிரித்தாள். செத்த முடியை எடுத்தாள். ஒளிந்திருந்த உண்ணிகளையும் கொத்தித் தின்றாள். சடையன் குளத்துப் பக்கம் போகவில்லை. காலை வெயிலில் புண்ணைக் காட்டிக் கிடந்தான். தலை இடுப்புப் பக்கம் திரும்பினால் வெள்ளச்சி, "நாக்கு" என்று அதட்டிக் கொம்பால் இடித்தாள். ஒரு நாளைக்கு நூறு தடவை இடித்தாள்.

அமாவாசைக்கு இரண்டு நாள் முன்பு புண் காய்ந்து, அதன் மேல் பூனைமுடி போலப் புதுமுடி எழுந்தது.

அன்று நரி வந்தது. "அண்ணே, புண் எப்படி இருக்கிறது?" என்று கேட்டது. கண் என்னவோ குட்டியின் மேல்தான்.

"கிட்டே வந்து பார்" என்றான் சடையன்.

கிட்டே வந்த நரி, வாலில் பாதி முடியை அவன் வாயில் விட்டுவிட்டு மலை இறங்கி ஓடியது. ஆடுகள் எங்கும் போகவில்லை. அந்த நரிமுடியையும் மைனா தன் கூட்டுக்குக் கேட்டுத்தான் வாங்கிக்கொண்டாள்.

மேலே காய்ந்துவிட்டது என்று நம்பி அடியில் ஈரத்தை விட்டுவைக்காதே. கோபம் நியாயமானதாகவே இருந்தாலும், அதற்காக நல்லது செய்ய வருபவரைத் துரத்தாதே.