ரெஞ்சிதத்துக்கு வந்த அப்பம்

ரெஞ்சிதம் ஆயர் குடியிருக்கும் குருமனையின் பின்வாசல் வழியாக வந்தாள். வலது கையை இடது கையால் தாங்கிப் பிடித்திருந்தாள்.

"வழுக்கி விழுந்துட்டேன், ஆயரம்மா."

யாரும் எதுவும் கேட்கும் முன்பே அதைச் சொன்னாள்.

சலோமி அந்தச் சபையின் ஆயர். உப்பளங்களுக்கு நடுவே இருந்த அந்த ஊருக்கு அதுவரை பெண் ஆயர் யாரும் வந்ததில்லை. அவளிடம் ஊழியப் பயிற்சிக்கு வந்திருந்தவள் எப்சிபா. பள்ளிக்கூட வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு இறையியல் படிக்கப் போனவள். வயதில் மூத்தவள் என்பதால் சலோமி அவளை டீச்சர் என்றே கூப்பிடுவாள்.

இருவரும் ரெஞ்சிதத்தை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனார்கள். கையில் மாவுக்கட்டு போட்டார்கள். டாக்டரிடமும் வழுக்கி விழுந்ததாகத்தான் சொன்னாள். நர்ஸ் அவளுடைய கழுத்தைப் பார்த்தாள். ரெஞ்சிதம் சேலையை இழுத்து மூடிக்கொண்டாள்.

வீட்டுக்குப் போகமாட்டேன் என்று மட்டும் சொன்னாள். குருமனையின் உள் அறையில் அவளைப் படுக்க வைத்தார்கள்.

அவளுடைய கணவன் தியோடர் சபையின் செயலாளர். ஞாயிறுதோறும் ஆலயத்தில் வேதபாடம் வாசிப்பவன். நல்ல குரல்.

மத்தியானம் எப்சிபா கஞ்சி கொண்டு போனாள். ரெஞ்சிதம் சுவரைப் பார்த்தபடி கிடந்தாள்.

"ஜெபம் பண்ணட்டுமா?"

"வேண்டாம், டீச்சர். அந்தப் படத்தை மட்டும் எடுத்திருங்க."

சுவரில் இயேசுவின் படம் இருந்தது.

"ஏம்மா?"

"தாடி வச்ச ஆளு ஒருத்தரு பாத்துக்கிட்டே நிக்காப்ல இருக்கு. கண்ணை மூட முடியல. அவரும் ஆம்பளைதான, பொம்பளை பாடு அவருக்கு என்ன தெரியும்?"

எப்சிபா கஞ்சியை அப்படியே வைத்துவிட்டு சலோமியிடம் போனாள்.

"ஆண்டவர் படத்தை எடுக்கச் சொல்லுதா, ஆயரம்மா. அவரும் ஆம்பளையாத்தான வந்தாரு, பொம்பளை படுத பாடு அவருக்கு என்ன தெரியும்னு கேக்கா."

சலோமி எழுதிக்கொண்டிருந்ததை நிறுத்தினாள்.

"கேட்டதே பாவம்னுதான் முதல்ல நெனச்சேன். இப்ப எனக்கும் அதே கேள்வி வந்திருச்சு. இத்தனை வருசம் கும்பிட்டுட்டு இப்படி ஒரு கேள்வி. அதுதான் பயமா இருக்கு."

சலோமி எழுந்து உள் அறைக்குப் போனாள். படத்தைக் கழற்றி, துணியில் சுற்றி, அலமாரிக்குள் வைத்தாள். ரெஞ்சிதம் கண்ணை மூடினாள்.

எப்சிபா பதிலுக்காகக் காத்திருந்தாள். வரவில்லை.

சாயங்காலம் தியோடர் வந்தான். சபைக் கமிட்டிக்காரர் இருவர் கூட வந்தார்கள். மூவரும் வெளிக்கதவுக்கு அந்தப் பக்கமே நின்றார்கள்.

"என் வீட்டுக்காரியை அனுப்புங்க, ஆயரம்மா."

"தூங்குதா, அண்ணாச்சி."

"எழுப்புங்க."

"அவளா வந்தா வரட்டும்."

தியோடர் சிரித்தான். "புருசன் தலைன்னு வேதத்துல இருக்கா, இல்லையா?"

"இருக்கு."

"அப்ப நீங்க யாரு நடுவுல?"

சலோமி வாசலை விட்டு நகரவில்லை. அவன் குரலைத் தாழ்த்தினான்.

"நாளைக்குத் திருவிருந்து ஆராதனை. அவ ஆலயத்துல இருக்கணும். நாலு பேரு கேள்வி கேக்கும்படி வைக்காதீங்க. இந்த ஊர்ல ஆயர்மார் வருவாவ, போவாவ. நாங்க இங்கனதான் இருப்போம்."

கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுப் போனான். ஓங்கி அறைந்து சாத்தியிருந்தால்கூட எப்சிபாவுக்கு அவ்வளவு பயம் வந்திருக்காது.

மறுநாள் ரெஞ்சிதம் ஆலயத்துக்குப் போகவில்லை. அவளுடைய இடம் காலியாக இருந்தது. தியோடர் வழக்கம்போல் வேதபாடம் வாசித்தான். ஒரு சொல் தடுக்கவில்லை.

அப்பமும் திராட்சரசமும் கொடுக்கும் திருவிருந்து நேரம் வந்தது. பீடத்துக்கு முன்னால் இருந்த கிராதியில் முதல் ஆளாகத் தியோடர் முழங்கால் போட்டான். கைகளை ஒன்றின்மேல் ஒன்றாக வைத்து நீட்டினான். சலோமி அப்பத்தட்டோடு வந்தாள். பாத்திரத்தோடு எப்சிபா பின்னால் வந்தாள்.

சலோமி அந்தக் கைகளைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே நின்றாள்.

பாட்டு முடிந்துவிட்டது. யாரோ இருமினார்கள். சலோமி தட்டைத் தன் பக்கம் இழுத்துப் பிடித்தாள். 

"இன்னைக்கு உங்களுக்கு முதல்ல இல்ல, அண்ணாச்சி," என்றாள் சலோமி. சத்தமாகச் சொல்லவில்லை. ஆனால் எல்லோருக்கும் கேட்டது.

கிராதியைத் திறந்துகொண்டு இறங்கினாள். பெஞ்சுகளுக்கு நடுவே நடந்து வாசலைத் தாண்டினாள். எப்சிபாவின் கையில் இருந்த பாத்திரத்தில் திராட்சரசம் தளும்பியது. அதைச் சிந்திவிடக் கூடாது என்ற ஒரே நினைப்போடு பின்னால் போனாள். மணலில் இன்னொரு ஆளின் செருப்புச் சத்தம் தொடர்ந்தது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

குருமனையின் உள் அறையில் ரெஞ்சிதம் எழுந்து உட்கார்ந்தாள். சலோமி அவளுக்கு முன்னால் தரையில் முழங்கால் போட்டாள்.

"எனக்கு வேண்டாம், ஆயரம்மா. நான் ஜெபமே பண்ணல."

சலோமி அப்பத்தைப் பிட்டாள். வழக்கமான வார்த்தைகளைத்தான் சொன்னாள்.

"உனக்காகப் பிட்கப்பட்ட சரீரம்."

 ரெஞ்சிதம் பிட்ட துண்டைப் பார்த்தாள். பிறகு தன் கட்டுப் போட்ட கையைப் பார்த்தாள்.

அறை வாசலில் வெளிச்சம் மறைந்தது. தியோடர் நின்றான். அவனுக்குப் பின்னால் சபையில் பாதிப்பேர் முற்றத்தில் நின்றார்கள்.

"ரெஞ்சிதம், எந்திரி," என்றான்.

அவள் ஒரு காலைக் கீழே ஊன்றினாள். எழுந்துவிடுவாள் என்றுதான் எப்சிபா நினைத்தாள்.

ரெஞ்சிதம் இடது கையை நீட்டி அப்பத்தை வாங்கினாள். வாயில் போட்டு மென்றாள். விழுங்க நேரமானது.

"நான் வழுக்கி விழல," என்றாள்.

 தியோடர் திரும்பிப் பார்த்தான். கமிட்டிக்காரர் இருவரும் அவன் முகத்தைப் பார்க்காமல் தலையைக் குனிந்துகொண்டார்கள். கூட்டத்திலிருந்து ஒரு கிழவி வந்து, வாசலில் நின்றவனை ஒதுக்கிவிட்டு, உள்ளே ரெஞ்சிதத்தின் பக்கத்தில் உட்கார்ந்தாள். பிறகு இன்னொருத்தி வந்தாள்.

திங்கட்கிழமை மகளிர் காவல் நிலையத்தில் புகார் கொடுத்தார்கள். ரெஞ்சிதத்தை எப்சிபா தன் வீட்டுக்குக் கூட்டிப் போனாள். அந்த மாதம் முடியும் முன்பே சலோமிக்கு மாற்றல் வந்தது. மலைப்பக்கம் ஒரு சின்ன சபை. திருவிருந்தின் ஒழுங்கைக் குலைத்தார் என்று காரணம் சொன்னார்கள்.

சலோமி சாமான் கட்டும்போது எப்சிபா உதவினாள்.

"ராத்திரியானா ரெஞ்சிதம் வீட்டுக்காரரு எங்க தெருவுல வந்து நிக்காரு, ஆயரம்மா. ஒண்ணும் பேசமாட்டாரு. எதிர்ப்பக்கம் நிப்பாரு, அவ்வளவுதான்."

"கதவைப் பூட்டிக்கிடுங்க. ஸ்டேஷனுக்குச் சொல்லிருங்க."

"சொல்லிட்டேன்."

"பயமா இருக்கா?"

"இருக்கு. உங்களுக்கு?"

"அன்னைக்கு ஆலயத்துல கால் நின்ன இடம் தெரியல. இப்பவும் அப்படித்தான்."

எப்சிபா கயிற்றை இறுக்கி முடிச்சுப் போட்டாள். 

"நான் கேட்டதுக்குப் பதிலே சொல்லாம போறீங்களே. ஆண்டவர் ஆம்பளையாத்தான வந்தாரு?"

சலோமி நிமிர்ந்து பார்த்தாள்.

"வந்தது சரி, டீச்சர். போனது எப்படி? கேக்க ஆளில்லாம அடிபட்டுத்தான?"

எப்சிபா அலமாரியைத் திறந்து, துணியில் சுற்றி வைத்திருந்த படத்தை வெளியே எடுத்தாள்.