குடிக்காத பாயசம்

காலத்தைத் திருப்பத் தெரிந்தவர்களுக்கும் தேர்வு உண்டு. எல்லா மடங்களுக்கும் ஒரே தேர்வுதான். ஒரே சூளையில் சுட்ட மண் கிண்ணம் ஒன்றைக் கொடுப்பார்கள். அதைக் கீழே போட்டு உடைக்க வேண்டும். பிறகு கிண்ணத்தின் காலத்தை மட்டும் பின்னால் இழுத்து, பழையபடி முழுசாக்கிக் காட்ட வேண்டும். சுற்றியிருக்கும் வேறு எதுவும் அசையக் கூடாது. ஆயுளுக்கும் ஒரு தடவைதான் எழுதலாம். தவறினால் ஊருக்குப் பஸ் ஏற வேண்டியதுதான்.

மலை மடத்திலிருந்து அந்த வருஷம் இரண்டு பெண்கள் உட்கார்ந்தார்கள். செவ்வந்தி தேறினாள். அவளுடைய தோழி வள்ளம்மை தேறவில்லை.

சாயங்காலம் செவ்வந்தி குருவம்மாவைத் தேடிப் போனாள். அவர் கிணற்றடியில் புடவை அலசிக்கொண்டிருந்தார். செவ்வந்தியின் கையில் ஒரு டம்ளர் பாயசம் இருந்தது.

"யார் வைத்தது?"

"வள்ளம்மை. நான் தேறியதற்குத் தான்தான் வைப்பேன் என்று ஒரே பிடிவாதம், அம்மா. எல்லோருக்கும் ஊற்றிவிட்டு இப்போது பெட்டி கட்டுகிறாள்."

"முந்திரி போட்டிருக்கிறாளா?"

"நிறைய."

"மடத்து முந்திரிதானே. போடட்டும்."

செவ்வந்தி சிரிக்கவில்லை. டம்ளரைத் துவைக்கிற கல்லின் மேல் வைத்தாள்.

"அம்மா, நான் தேறவில்லை."

குருவம்மா புடவையைப் பிழியத் தொடங்கினார்.

"முதலில் என் கிண்ணம் சேரவில்லை. விளிம்பில் ஒரு சில்லு ஒட்டாமலே நின்றுவிட்டது. அடுத்து வள்ளம்மை. என் கிண்ணத்தைப் பார்த்து அவள் அழுதாள். அழுதுகொண்டே தன்னுடையதைச் சேர்த்தாள். ஒரு கீறல் இல்லை. தான் தேறியதைக்கூட அவள் கவனிக்கவில்லை."

"நீ கவனித்தாய்."

"கவனித்தேன். அவள் இங்கே இருப்பாள், நான் பஸ்ஸில் இருப்பேன் என்று நினைத்தேன். அப்போதுதான் கூடத்தையே பின்னால் இழுத்தேன், எல்லோரையும் சேர்த்து. இரண்டாவது தடவை என் கிண்ணம் சேர்ந்துவிட்டது."

"அந்தத் தடவை வள்ளம்மை யாருக்காகவும் அழ வேண்டியிருக்கவில்லை. தன் கிண்ணத்தின் நினைப்பு மட்டும்தான் இருந்தது. அது சேரவில்லை."

செவ்வந்தி நிமிர்ந்து பார்த்தாள். அதை அவள் இன்னும் சொல்லியிருக்கவில்லை.

"உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாமல்? யார் திருப்பினாலும் எனக்கு மறக்காது. தேர்வு நடத்த வந்த அதிகாரியின் பேச்சை இரண்டு தடவை கேட்டேன். ஒரு தடவையே தாங்கவில்லை."

செவ்வந்தி தலை குனிந்தாள். "அதிகாரிகளிடம் போய்ச் சொல்லிவிடுகிறேன்."

"சொல். உன் பெயரை அடித்துவிடுவார்கள். அவள் பெயரை எழுதமாட்டார்கள். அவர்கள் கண்டது உடைந்த கிண்ணம்."

"அப்படியென்றால் நீங்கள் திருப்புங்கள், அம்மா. எனக்கு ஒரு நாழிகைதான் வரும். உங்களால் ஒரு நாளையே இழுக்க முடியும். இன்று காலைக்கே கொண்டுபோய் விடுங்கள். இந்தத் தடவை நான் சும்மா உட்கார்ந்திருப்பேன்."

"இப்போது பேசியது எனக்கு நினைவிருக்கும். உனக்கு இருக்காது."

"நினைவில்லாவிட்டால் மறுபடியும் அதையேதான் செய்வேனா?"

குருவம்மா புடவையைக் கொடியில் விரித்தார். ஒரு மடிப்பு விடாமல் இழுத்துவிட்டார்.

"செய்தாய்."

அது புரிய செவ்வந்திக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

"ஏற்கெனவே திருப்பிவிட்டீர்களா?"

"அவள் பெட்டி கட்டுவதைப் பார்க்க முடியவில்லை. திருப்பினேன். மறுபடியும் கட்டினாள். மறுபடியும் திருப்பினேன்."

"என்னைத் தடுத்திருக்கலாமே, அம்மா."

"தேர்வில் உட்கார்ந்தவளின் கையைப் பிடிக்கலாமா?"

மலையடியில் பஸ் ஹாரன் அடித்தது. மடத்துப் படிகளில் யாரோ தகரப் பெட்டியோடு மெல்ல இறங்கும் சத்தம் கேட்டது. ஒவ்வொரு படியிலும் பெட்டி இடித்தது.

"இன்னும் ஒரே ஒரு தடவை. அவளுக்காக."

"மாட்டேன்."

"அவள் போய்விடுவாள்."

"ஆமாம்," என்றார் குருவம்மா. அவர் படிகளின் பக்கம் பார்க்கவில்லை.

"இத்தனை தடவை திருப்பினீர்கள். இன்றைக்கு மட்டும் ஏன் மாட்டேன் என்கிறீர்கள்?"

குருவம்மா கல்லின் மேலிருந்த டம்ளரை எடுத்தார். பாயசம் ஆறி, மேலே ஏடு படிந்திருந்தது. அதைச் செவ்வந்தியின் கையில் வைத்தார்.

"மற்ற தடவையெல்லாம் என்னைத் தேடி வராமல் இதை நீ குடித்துவிட்டாய்."