அம்பாப் பாட்டுக்கு எதிரடி

கடலுக்கு அக்கரையிலிருந்த ராஜ்யம் நம் மீனவர்களைப் பிடித்து அடைத்துவிட்டு, அப்படி யாரும் தன்னிடம் இல்லவே இல்லை என்று சாதித்தது. பேசப் போன தூதரிடம் அந்த ஊர் மந்திரி, "இருந்தால் நிரூபியும்! சிறைக் கதவு மட்டும் திறக்காது" என்று எகத்தாளம் பேசினார்.

தூதருக்குச் சமைக்கப் போன சவரியம்மாளின் புருஷனும் காணாமல் போனவர்தான்.

"காலிச் சிறைதானே ஐயா? மதிலோரமா ஒரு பாட்டு பாடிக்கிறேன்" என்றாள்.

"பாடேன், சுவர் கேட்கட்டும்!" மந்திரி சிரித்தார்.

மாதாவை வேண்டிக்கொண்டு, வலை இழுக்கும்போது பாடுகிற அம்பாப் பாட்டின் முதலடியை எடுத்தாள். முதலடி காதில் விழுந்தால் எதிரடி பாடாமல் இருக்க மீனவர்களுக்குத் தெரியாது. மதிலுக்குள்ளிருந்து அத்தனை தொண்டையும் சேர்ந்து பாடிற்று.

பொய் உடைந்ததும் மந்திரி இறங்கி வந்தார். பிடிபட்டவர்களை ஒளிக்கக் கூடாது, வீட்டாருக்குச் சொல்லியே ஆக வேண்டும் என்று அன்றே ஒப்பந்தமானது.

தூதர் புறப்படக் கூப்பிட்டும் சவரியம்மாள் மதிலை விட்டு நகரவில்லை.

"இருங்க ஐயா, இதுல அவர் குரல் இன்னும் கேட்கல" என்று அடுத்த அடியை எடுத்தாள்.