இரண்டாவது தம்ளர்

"அம்மா, எம் பொண்டாட்டி வாயைத் திறக்க மாட்டேங்கா."

மலையேறி வந்த மூச்சு அடங்குவதற்குள் ஆவுடையப்பன் சொன்ன முதல் வார்த்தை இதுதான்.

சுனையம்மா பாறையில் உட்கார்ந்து முறத்தில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தார்.

"கோபமா?"

"கோபமா இருந்தாத்தான் தேவலையே. வாய் நிறையத் திட்டுவா. இப்பப் பேச்சே இல்லம்மா. பக்கவாதம். வலப் பக்கம் மொத்தமும் விழுந்துட்டு."

சுனையம்மாவுக்கு ஆவுடையப்பனின் மகள் வயதுதான் இருக்கும். மலைச் சுனைக்குப் பக்கத்தில் ஓடு வேய்ந்த ஒற்றை அறையில் தனியாக இருந்தார். யார் என்ன கேட்டு வந்தாலும் பதிலுக்கு அவர்தான் கேள்வி கேட்பார். கேள்வி கேட்டே ஆளைக் கொன்றுவிடுவார் என்று கீழே ஊரில் கேலி பேசுவார்கள். பேசியவர்களே சங்கடம் வந்தால் மலையேறி விடுவார்கள்.

ஆவுடையப்பனும் பேசியவர்தான்.

அடிவாரத்து முருகன் கோயில் மடைப்பள்ளியில் நாற்பது வருஷம் பஞ்சாமிர்தம் பிசைந்த கை அவருடையது. பழத்தைக் கையாளுவதில் தன்னை மிஞ்ச ஆள் கிடையாது என்பது அவர் கட்சி. ஊரும் அதே கட்சிதான். அப்படிப்பட்டவருக்குத்தான் இந்தச் சோதனை.

"என்ன சாப்பிடக் குடுக்கிறீங்க?" என்றார் சுனையம்மா.

"தண்ணியாக் குடுத்தா புரை ஏறுது. கட்டியா இருந்தா விழுங்க முடியல. பழத்தை மைய அரைச்சு, நடுவாந்தரமாக் கரண்டியில குடுங்கன்னு டாக்டர் சொன்னாரு. பழம்னா நமக்குச் சொல்லியா தரணும்? மிக்ஸி ஒண்ணு வாங்கிப்போட்டேன்."

"என்னென்ன போடுவீங்க?"

இது ஆவுடையப்பனுக்குப் பிடித்த கேள்வி. துண்டை விரித்து உட்கார்ந்துகொண்டார்.

"சப்பட்டை மாம்பழம், காம்புப் பக்கம் மணக்கணும். பப்பாளி ரெண்டு கீத்து. அன்னாசி கொஞ்சம். செவ்வாழை ஒண்ணு, அதுதான் எல்லாத்தையும் சேத்துப் பிடிக்கும். பால் ஊத்தக் கூடாது, அன்னாசி பட்டுத் திரிஞ்சு கசந்துரும். அதனால தேங்காய்ப்பால். ஊற வெச்ச பேரீச்சை. கடைசியா ஒரு சொட்டுத் தேன்."

"அன்னாசி எதுக்கு?"

"மத்ததெல்லாம் இனிப்புல்லா? ஒண்ணாவது எதுத்துப் பேசணும். இல்லைன்னா திகட்டிரும்."

சுனையம்மா கீரையை மறந்துவிட்டார்.

"எதை முதல்ல போடுவீங்க?"

"அன்னாசியும் தேங்காய்ப்பாலும். அப்பத்தான் பிளேடு சுத்தும். வாழைப்பழம் கடைசியில. முதல்லயே போட்டா நுரை கட்டிக்கிடும்."

"எப்படி இருக்கும்?"

"என் கைப்பக்குவத்தை ஊரே சொல்லும்."

"நீங்க சொல்லுங்க."

ஆவுடையப்பன் முழித்தார்.

"நான் எப்படிச் சொல்ல? நான் ருசி பாக்கிறது இல்லையே. படைக்கிறதுக்கு முந்தி நாக்குல வைக்கலாமா? மணத்தை வெச்சே சொல்லிருவேன். நாப்பது வருஷப் பழக்கம்."

"இது சாமிக்கு இல்லையே."

"எனக்கு இப்ப அவதான் சாமி."

சொல்லும்போதே அவருக்குக் கண் கலங்கிவிட்டது. துண்டைத் தேடினார். அதன்மேல்தான் உட்கார்ந்திருந்தார். புறங்கையால் துடைத்துக்கொண்டார்.

"இத்தனை வருஷமும் நான் சாப்பிட்டுக் கை கழுவின பொறவுதாம்மா வடிவு இலை முன்னால உக்காருவா. நீ முதல்ல சாப்பிடுன்னு ஒரு நாள் நான் சொன்னதில்ல. சொல்லணும்னு தோணவும் இல்ல. இப்ப மாத்திட்டேன். அவ வயிறு நிறைஞ்சாத்தான் எனக்கு. அப்படின்னு முடிவு பண்ணிட்டேன்."

"அவங்களுக்கு இது தெரியுமா?"

"தெரியாம என்ன? அவ முன்னாலதான சொன்னேன்."

ஆவுடையப்பன் எழுந்து, நழுவிய வேட்டியை இறுக்கிக் கட்டிக்கொண்டு மறுபடி உட்கார்ந்தார்.

சுனையம்மா வேட்டியைப் பார்த்தார்.

"குடுத்தா என்ன செய்யிறாங்க?"

"உதட்டை இறுக்கிருவா. இடது கையால தம்ளரைத் தள்ளுவா. புளிப்பான்னு கேப்பேன். இனிப்பு போதலையான்னு கேப்பேன். தேனைக் கூட்டிப் பாத்தேன். அன்னாசியைக் குறைச்சுப் பாத்தேன். மாம்பழத்தையே மாத்தினேன். தள்ளிக்கிட்டேதான் இருக்கா."

"எந்தப் பக்கம் தள்ளுறாங்க?"

"இதென்னம்மா கேள்வி? எதுக்க நாந்தான உக்காந்திருக்கேன். எம் பக்கம்தான் தள்ளுவா."

ஆவுடையப்பன் கீழே ஊர்ப் பக்கம் பார்த்தார். பிறகு, யாரிடமும் சொல்லக் கூடாது என்று வைத்திருந்ததையும் சொல்லிவிட்டார்.

"பக்கத்து வீட்டு மரியம் இருக்காள்லா, அவ டீத் தம்ளரோட வந்து உக்காந்து, தானும் ஒரு வாய் குடிச்சுக்கிட்டு, ஊர்க்கதை பேசிக்கிட்டே குடுத்தா நாலு கரண்டி எறங்குது. நான் அரைச்சதைத்தான் அவளும் குடுக்கா! எனக்கு எப்படி இருக்கும் சொல்லுங்க."

"எப்படி இருக்கு?"

"மானம் போகுது."

கீழே கோயிலில் மணி அடித்தது. அவர் கை தன்னால் கன்னத்தில் போட்டுக்கொண்டது.

"வெள்ளிக்கிழமை டாக்டர் வாராரு. அதுக்குள்ள வாய் வழியா ஒழுங்கா எறங்கலைன்னா மூக்குல குழாய் மாட்டிருவாங்களாம். ஆஸ்பத்திரியில மாட்டினப்பவே அவ பிடுங்கி எறிஞ்சா. குழாய்னு சொன்னாலே பொலபொலன்னு அழுவா. மந்திரமோ மருந்தோ, ஏதாவது குடுங்கம்மா. வெறுங்கையோட நான் கீழ போக மாட்டேன்."

சுனையம்மா யோசித்தார்.

"எனக்கு அந்தக் கூழைக் குடிச்சுப் பாக்கணும் போல இருக்கு. நாளைக்கு வந்து இங்க செய்வீங்களா?"

ஆவுடையப்பன் வெறுங்கையோடுதான் இறங்கினார். வழியெல்லாம் முணுமுணுத்தார். அங்கே ஒருத்தி பட்டினி கிடக்கிறாள், இங்கே இந்த அம்மாளுக்கு நாக்கு கேட்கிறது. சாமியார்களை நம்பி மலையேறினவனைச் சொல்ல வேண்டும்.

ஆனாலும் மறுநாள் காலையில் வந்துவிட்டார். ஒரு தோளில் பழப்பை. இன்னொரு தோளில் பெட்ஷீட்டில் சுற்றிய மிக்ஸி.

வியாழக்கிழமை.

அறையில் இருந்தது ஒரே ஒரு பிளக். தண்ணீர் மோட்டாருக்காக யாரோ போட்டுக்கொடுத்தது. ஆவுடையப்பன் மோட்டாரைக் கழற்றிவிட்டு மிக்ஸியை மாட்டினார். சுனையம்மா முழங்காலில் முகவாயை வைத்துக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்தார்.

மிக்ஸி அலறியதும் திடுக்கிட்டுப் பின்னால் நகர்ந்தார். உடனே முன்னைவிடக் கிட்டே வந்தார்.

"ஏன் நிறுத்தி நிறுத்தி அரைக்கிறீங்க?"

"விடாம ஓட்டினா சூடேறும். மணம் போயிரும்."

"அந்த வெள்ளை எங்க போச்சு?"

"தேங்காய்ப்பாலா? உள்ளதான் இருக்கு. மாம்பழத்துக்கு முன்னால யார் நிறம் நிக்கும்?"

அன்னாசியின் நார் வடிவின் தொண்டையில் சிக்கக் கூடாதென்று கூழை மெல்லிய துணியில் வடிகட்டுவது அவர் வழக்கம். இங்கேயும் அப்படியே செய்தார். கரண்டியில் எடுத்துச் சரித்துக் காட்டினார். ஒழுகவும் இல்லை, கட்டியாக விழவும் இல்லை. மெதுவாக வழுகி இறங்கியது.

"இந்தப் பதம்தான்," என்றார். தன்னை மறந்து சிரித்தார்.

சுனையம்மா ஒரு தம்ளரை எடுத்து வைத்தார். ஆவுடையப்பன் விளிம்புவரை ஊற்றினார்.

சுனையம்மா அதை அவர் முன்னால் நகர்த்தினார்.

"குடிங்க."

"எனக்கா? நீங்க கேட்டீங்கன்னுல்லா தூக்கிட்டு வந்தேன்."

"உங்க வயிறு நிறைஞ்சாத்தான் எனக்கு. அப்படி முடிவு பண்ணிட்டேன்."

"விளையாடாதீங்கம்மா."

"இல்ல. நேத்து நீங்க இறங்கிப் போனதிலிருந்து நான் எதுவும் சாப்பிடல."

ஆவுடையப்பன் அறைக்குள் பார்த்தார். நேற்று ஆய்ந்த கீரை முறத்திலேயே வதங்கிக் கிடந்தது. அடுப்பில் சாம்பல் குளிர்ந்து போயிருந்தது.

அவருக்கும் நல்ல பசி. வடிவு படுத்த நாளிலிருந்து ஒழுங்காகச் சாப்பிட்டதே இல்லை. மாம்பழ மணம் மூக்கைத் துளைத்தது.

தம்ளரைத் தூக்கினார். எதிரே அந்தப் பெண் கையை மடியில் வைத்துக்கொண்டு அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். முகம் வாடியிருந்தது.

உதடுவரை போன தம்ளர் இறங்கிவிட்டது.

"முடியலம்மா. நீங்க முதல்ல குடிங்க." தம்ளரை அவர் பக்கம் தள்ளினார்.

"புளிப்பா?" என்றார் சுனையம்மா. தம்ளர் திரும்பி வந்தது.

"புளிப்பும் இல்ல ஒண்ணும் இல்ல." மறுபடி தள்ளினார்.

"இனிப்பு போதலையா?"

"அதெல்லாம் சரியா இருக்கும்." தள்ளினார்.

"தேனைக் கூட்டட்டுமா?"

"வேண்டாம்மா."

"அன்னாசியைக் குறைச்சிருக்கலாமோ? மாம்பழத்தை மாத்தணுமோ?"

ஆவுடையப்பனுக்குச் சுள்ளென்று கோபம் வந்தது. மலை என்றும் பார்க்கவில்லை, மடம் என்றும் பார்க்கவில்லை.

"பழத்துல என்னம்மா இருக்கு? கூழுக்கு என்ன குறைச்சல்? நீங்க பட்டினி கெடந்துக்கிட்டு எம் மூஞ்சியையே பாத்துக்கிட்டு இருந்தா, எந் தொண்டையில எப்படி எறங்…"



தம்ளர் அவர் தள்ளிய இடத்தில் இருந்தது. அவர் கை இன்னும் தம்ளரின் மேல் இருந்தது.

இடது கை.

வெகு நேரம் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தலையில் அடித்துக்கொண்டு எழுந்தார். வேட்டியை இறுக்கக்கூட நிற்காமல் பாதையில் இறங்க ஆரம்பித்தார்.

"ஐயா!" என்று கூப்பிட்டார் சுனையம்மா.

திரும்பினார்.

"மிக்ஸி."

ஓடி வந்தார். வயரைச் சுருட்டத் தெரியாமல் சுருட்டினார். பெட்ஷீட்டில் பாதி சுற்றியும் சுற்றாமலும் தோளில் போட்டுக்கொண்டார்.

"அந்தக் கூழை நீங்க குடிச்சிருங்கம்மா."

"நீங்க எப்படா போவீங்கன்னு இருக்கேன். பசி உயிர் போகுது."

வீட்டில் வடிவு தலையணைகளில் சாய்ந்து நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் மரியம்.

"அண்ணாச்சி, காலையில எறங்கினது ஒரு கரண்டிதான்," என்றாள் மரியம். "வாசலையே பாத்துக்கிட்டு இருக்காக."

ஆவுடையப்பன் அடுக்களைக்குப் போனார். மிச்சமிருந்த பழங்களை அரைத்தார். வடிகட்டினார். தேன் சேர்த்தார். ஒரு தம்ளரை எடுத்தார். கொஞ்சம் தயங்கினார். இன்னொன்றையும் எடுத்தார்.

இரண்டு தம்ளர்களோடு கட்டிலுக்கு எதிரே ஸ்டூலில் உட்கார்ந்தார்.

வடிவு முதல் தம்ளரைப் பார்த்தாள். இரண்டாவது தம்ளரைப் பார்த்தாள். அவரைப் பார்த்தாள்.

ஆவுடையப்பன் தன் தம்ளரைத் தூக்கிக் குடித்தார். அன்னாசி நாக்கைச் சுண்டி இழுத்தது. மாம்பழம் வந்து சமாதானம் செய்தது. தன் கைப்பக்குவம் எப்படி இருக்கும் என்று முதல் தடவையாகத் தெரிந்துகொண்டார்.

"நல்லாத்தான் இருக்கு வடிவு," என்றார். குரல் உடைந்துவிட்டது.

மீசையைத் துடைத்துக்கொண்டு, அவளுடைய தம்ளரிலிருந்து ஒரு கரண்டி எடுத்து அவள் உதட்டருகே கொண்டுபோனார்.

உதடு இறுகியே இருந்தது.



வடிவின் இடது கை மெதுவாக எழுந்தது. அவள் தம்ளரைத் தள்ளவில்லை. ஒற்றை விரலால் அவருடைய தம்ளரைக் காட்டினாள்.

அடியில் கொஞ்சம் மிச்சம் இருந்தது.

அதையும் குடித்தார். அவள் பார்க்கும்படி தம்ளரைத் தலைகீழாகக் கவிழ்த்துப் பிடித்தார்.

ஒரு சொட்டுகூட விழவில்லை.

வடிவு வாயைத் திறந்தாள்.