சிங்கம் விட்ட கொட்டாவி

ஏகாம்பரத்தை வேலையை விட்டுத் துரத்தணுமா? எதுக்கு டைரக்டர் சார், சிங்கத்துக்குக் கறி போட்டதுக்கா? ஊமைப் படத்துல சிங்கம் கர்ஜிக்கணும், மூணு நாள் பட்டினி போடுன்னு நீங்க சொன்னீங்க. மிருகக்காட்சி சாலையில தீனி போடுற ஏகாம்பரம், "சரிங்க எஜமான்"னு தலையாட்டிட்டு வயிறு முட்டப் போட்டாரு. தின்ன சிங்கம் கேமரா முன்னாடி வாயைப் பொளந்து கொட்டாவி விட்டுச்சு. நீங்க கோவத்துல குதிச்சீங்க. "சத்தமே வராத படத்துல கர்ஜனை என்ன, கொட்டாவி என்ன எஜமான்?"னு அவரு கேட்டாரு.

நேத்து கொட்டகையில அதைப் பார்த்து முன்வரிசையே எழுந்து ஓடுச்சு! "என்னா கர்ஜனை!"ன்னு மாலை போட்டாங்க, நீங்களும் கழுத்தை நீட்டினீங்க. இன்னிக்கு அவரு குத்தவாளியா? கேமரா பிடிச்ச எனக்கு ஒண்ணுமே புரியல. மாலை போட்டவங்க எல்லாரும் இதோ நிக்கிறாங்க. அவங்க முன்னாடியே சொல்லுங்க: அந்த மாலை எதுக்கு, கர்ஜனைக்கா, கொட்டாவிக்கா?