கணப்பு வழியாக வந்த தேநீர்

இங்கிலாந்தின் கடற்கரை ஊர் ஒன்றில் வில்ஃப்ரட் பென்டிக் என்று ஒரு நகைச்சுவை நடிகர் இருந்தார். முப்பது வருஷமாக மேடையிலும் சினிமாவிலும் நடித்தவர். ஒரு தடவைகூடக் கதாநாயகனாக வந்ததில்லை. போலீஸ்காரர், பாதிரியார், சமையல்காரர், ரயில்வே கார்டு, இப்படித்தான் வேஷங்கள். முகம் எல்லோருக்கும் தெரியும், பேர்தான் தெரியாது.

பஸ்ஸில் யாராவது கேட்பார்கள். "நீங்கள் எங்கள் தெருத் தபால்காரர்தானே?"

"ஆமாம். உங்கள் நாய் இப்போது கடிப்பதில்லையே?" என்று விசாரித்துவிட்டு இறங்கிப் போவார்.

அவரிடம் சிஷ்யராக வந்து சேர்ந்தவர் ரூபர்ட் ஹேல். அவரைவிடப் பத்து வயது மூத்தவர். சோக நாடகங்களில் ராஜாவாக நடித்தே காலம் தள்ளியவர். அந்த நாடகங்களுக்கு ஆள் வருவது நின்றுபோக, அறுபது வயதில் சிரிக்கவைக்கக் கற்றுக்கொள்ள வேண்டியதாயிற்று.

முதல் நாள் அவர் "ஆசானே" என்று கூப்பிட்டபோது, வேறு யாரையோ அழைக்கிறார் என்று நினைத்து வில்ஃப்ரட் திரும்பிப் பார்த்தார்.

அப்போது ஒரு பிரபு வீட்டு நாடகம் ஓடிக்கொண்டிருந்தது. அதில் வில்ஃப்ரட் வேலைக்காரர். வெள்ளிக்கிழமைகளில் அவருக்குப் படப்பிடிப்பு. அன்று மட்டும் அந்த வேஷம் ரூபர்ட்டுக்கு.

"வெள்ளிக்கிழமை ஜனங்கள் சிரிக்க வேண்டும். இல்லையென்றால் வேறு ஆள் பார்ப்பேன்" என்று மேனேஜர் சொல்லியிருந்தார்.

வியாழக்கிழமை மதியக் காட்சியை ரூபர்ட் பக்கத் திரைக்குப் பின்னால் நின்று பார்த்தார். மேடையில் பிரபுவும் மூன்று விருந்தாளிகளும் தேநீருக்குக் காத்திருந்தார்கள். கதவு மாட்டிக்கொண்டது. வில்ஃப்ரட் வெளியே நின்று கைப்பிடியை ஆட்டினார், தோளால் இடித்தார். கதவு அசையவில்லை. உள்ளே பேச வேண்டிய வசனமெல்லாம் தீர்ந்துபோயிற்று. பிரபு ஜன்னலைப் பார்த்தார். விருந்தாளிகள் பிரபுவைப் பார்த்தார்கள்.

சுவரில் குளிர்காய நெருப்பு மூட்டும் கணப்பு ஒன்று, அட்டையில் செய்து வைத்திருந்தார்கள். அதற்குள்ளிருந்து முதலில் தேநீர்க் கூஜா வைத்த தட்டு ஒன்று வந்தது. பிறகு தலை. பிறகு தவழ்ந்தபடி வில்ஃப்ரட்.

எழுந்து நின்றார். முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டார். காலரை இழுத்துச் சரிசெய்தார்.

"தேநீர், பிரபுவே."

அரங்கமே அதிர்ந்தது. முன்வரிசையில் ஒருவருக்குப் புரையேறி, பக்கத்திலிருந்தவர் முதுகைத் தட்ட வேண்டியிருந்தது. நாலு பேருக்கும் ஊற்றி முடிக்கும்வரை சிரிப்பு நிற்கவில்லை.

மறுநாள் ரூபர்ட் கதவுப் பக்கமே போகவில்லை. நேரே கணப்பு வழியாக வந்தார். அதே தட்டு, அதே காலர். கூடுதலாகத் தலையையும் ஒரு தடவை இடித்துக்கொண்டார்.

எங்கோ ஒருவர் இருமினார். ஓர் அம்மாள் தன் கணவரிடம், "கதவுதான் இருக்கிறதே, இவர் ஏன் இப்படி வருகிறார்?" என்றாள். அது கடைசி வரிசைவரை கேட்டது.

மேனேஜர் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். "அடுத்த வெள்ளி பார்க்கலாம். அதுதான் கடைசி" என்றார்.

ரூபர்ட் ஒப்பனை அறைக்குப் போனார். படப்பிடிப்பிலிருந்து அப்போதுதான் திரும்பியிருந்த வில்ஃப்ரட், கண்ணாடி முன் உட்கார்ந்து போலீஸ்காரர் மீசையைப் பிய்த்துக்கொண்டிருந்தார்.

"ஆசானே, நீங்கள் செய்ததையெல்லாம் செய்தேன். ஒருத்தரும் சிரிக்கவில்லை."

"எதற்குக் கணப்பு வழியாக வந்தீர்கள்?"

"சிரிக்கவைக்கத்தான். நீங்கள் எதற்கு வந்தீர்கள்?"

"கதவு திறக்கவில்லை. உள்ளே நாலு பேர் காத்திருந்தார்கள். தேநீர் ஆறிக்கொண்டிருந்தது."

ரூபர்ட்டுக்குக் கொஞ்சம் கோபம் வந்தது. ராஜாக் குரல் தானாக வெளியே வந்தது.

"அந்தக் கூஜாவில் தேநீரே கிடையாது ஆசானே. நான் திறந்து பார்த்தேன். வெறும் கூஜா."

வில்ஃப்ரட் பாதி மீசையோடு எழுந்துபோய் அறைக் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"மெதுவாகப் பேசுங்கள்" என்றார். "நாளைக்கு அதை நான் பிரபுவுக்கு ஊற்றிக் கொடுக்க வேண்டும்."