அந்தரத்தாமரையும் முதல் விளக்கும்

கேட்டு முடித்தவர் தீர்ப்புச் சொல்லியாக வேண்டிய வழக்கு இது. ஆகவே காதோடு மனத்தையும் கொடுத்துக் கேளுங்கள்.

பொருநைக் கரையில் ஓர் அம்மன் கோயில். அதன் நந்தவனத்தில் இரண்டு கல்தொட்டிகள். ஒவ்வொன்றிலும் ஏழு கெண்டை மீன்கள். மேலே வேர்களைத் தண்ணீரில் தொங்கவிட்டு மிதக்கும் அந்தரத்தாமரை. தெப்பத் திருநாளன்று எந்தத் தொட்டியின் மீன்கள் செழிப்பாக இருக்கின்றனவோ, அதைப் பேணியவள் தெப்பக்குளத்தில் முதல் விளக்கை மிதக்கவிடுவாள். "மீனைக் காத்த கைக்கே முதல் விளக்கு" என்பது அவ்வூர் வழக்கம்.

எட்டு ஆண்டுகளாக அந்த விளக்கு உலகம்மையின் கையில்தான் இருந்தது. இவ்வாண்டு மற்றத் தொட்டி அவளுடைய ஓரகத்தி ஆவுடையிடம் வந்தது. ஒரே மாதத்தில் அந்தத் தொட்டி பச்சைப் பட்டு விரித்ததுபோல் நிறைந்தது. வந்தவரெல்லாம் அங்கேயே நின்றனர். உலகம்மைக்கு வயிறு எரிந்தது.

"ஏட்டி ஆவுடை, இலைக்குச் சோறு ஊட்டுதியா?"

"இல்லக்கா, சும்மா பேசிக்கிட்டிருக்கேன்."

"பேசு, பேசு. என் கொழுந்தன் கேக்காட்டியும் அதுவாவது காது கொடுத்துக் கேக்கும்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். ஆனால் அன்று நண்பகல், நடை சாத்தி எல்லாரும் உண்ணப் போன வேளையில், ஆவுடையின் தொட்டியிலிருந்து கொழுத்த செடிகளாகப் பார்த்து இரு கை அள்ளினாள். எறிந்துவிட மனம் வரவில்லை; தன் தொட்டியில் விட்டாள். மறுநாளும் அள்ளினாள். அதற்கடுத்த நாளும்.

நீர்முகத்தில் மூன்றில் ஒரு பங்காவது திறந்திருக்க வேண்டும், இல்லையேல் வெளிச்சமும் காற்றும் அடைபட்டு மீன் திணறும் என்பதை எட்டு ஆண்டுகளாக அறிந்தவள் அவள். பெருகும் செடியை வாரந்தோறும் களைந்த கை அது. பொறாமை, கற்ற தொழிலையும் மறக்கச் செய்தது. ஆவுடையோ உயிருள்ளதைப் பிடுங்கிப் போட மனமில்லாதவள். ஓர் இலையையும் அவள் கிள்ளியதில்லை.

தெப்ப நாள் மாலை தொட்டிகளைப் பார்வையிடக் கோயில் மணியக்காரர் தாணுமூர்த்தி வந்தார். ஆவுடையின் தொட்டியில் ஏழு மீன்களும் துள்ளின. உலகம்மையின் தொட்டியில் இலைகளை நீக்கிப் பார்த்தார். நான்கு மீன்கள் வெள்ளை வயிற்றைக் காட்டி மிதந்தன. மூன்று வாயைப் பிளந்து பிளந்து மூடின. அவர் கையை எடுத்ததும் இலைகள் மீண்டும் கூடிக்கொண்டன.

"விளக்கு ஆவுடைக்கு," என்றார்.

ஆவுடை கை நீட்டவில்லை. "நான் ஒண்ணுமே செய்யலய்யா. தினம் மத்தியானம் அக்காதான் செடியை அள்ளிக்கிட்டுப் போனாங்க. பாத்தேன், சண்டை வேண்டாம்னு சும்மா இருந்தேன். என் மீனு பிழைச்சது அவங்க கையாலதான். விளக்க அவங்ககிட்ட குடுங்க."

நல்லது செய்யவே அள்ளினேன் என்று உலகம்மை ஒரு பொய் சொன்னால் போதும். ஒன்பதாம் விளக்கும் அவளுடையது. ஆனால் அவள் தலை குனிந்தாள்.

"அவ தொட்டி கெடணும்னுதான் அள்ளினேன். எனக்கு வேண்டாம்."

மணியக்காரர் விளக்கை ஏந்தியபடி நின்றார். செய்யாதவளும் வேண்டாமென்கிறாள், செய்தவளும் வேண்டாமென்கிறாள்.

அன்பர்களே, சொல்லுங்கள்: முதல் விளக்கு யாருக்கு உரியது?

விடை: இருவரும் சொன்ன உண்மைகளுள் உலகம்மையுடையதே கனமானது, ஆவுடை விளக்கை மட்டும் துறந்தாள், இவள் தன் நற்பெயரையும் துறந்தாள். ஆனால் அந்த விளக்கு உண்மைக்கு வைத்த பரிசன்று. மீனைக் காத்த கைக்கு உரியது. ஒருத்தியின் கை காக்க எண்ணாமல் காத்தது; மற்றவளின் கை நீரைத் தொடவேயில்லை. ஆகவே இதுவரை அது இருவருக்கும் உரியதன்று. எனினும் விளக்கு விடும் நேரம் இன்னும் கடந்துவிடவில்லை. மூன்று மீன்கள் இலைகளின் அடியில் மூச்சுக்குத் தவிக்கின்றன. அந்த இலைகளை விலக்க எவள் கை முதலில் நீருக்குள் இறங்குகிறதோ, விளக்கு அவளுடையது. நியாயம் பேசிய நேரமெல்லாம் அங்கிருந்த மூவரில் ஒருவரும் குனியவில்லை. விடை தேடிய நாமும் மீனை எண்ணினோமா என்று நம்மையே கேட்டுக்கொள்வோம்.